திருப்பி மாட்டிய படம்

எங்கள் கலைக்கூடத்தின் பொருளறையில், பழைய ஒலிபெருக்கிகளுக்கும் கால் உடைந்த நாற்காலிகளுக்கும் பின்னால், ஆளுயரத்தில் ஒரு தாள் சுருள் நிற்கிறது. மஞ்சள் ஒட்டுநாடாவால் அதைக் கட்டி வைத்திருக்கிறேன். கோடை விடுமுறைக்கு முன் பொருளறையைத் துப்புரவாக்கும் போதெல்லாம் யாராவது அதைத் தூக்கிக்கொண்டு குப்பைத் தொட்டியை நோக்கிப் போவார்கள். நான் பின்னாலேயே போய் வாங்கி வந்து பழைய இடத்தில் வைப்பேன். என்ன அது என்று கேட்டால், எனக்குத் தேவை என்று மட்டும் சொல்வேன். டென்மார்க்கில் இது ஒரு வசதி. தேவை என்று ஒருவன் சொன்னால் அதற்கு மேல் தோண்ட மாட்டார்கள். எங்கள் ஆட்களாக இருந்தால் சுருளைப் பிரித்துப் பார்த்து, படத்தில் இருக்கும் பெண் யார், எந்த ஊர், என் மனைவிக்கு இது தெரியுமா என்பதுவரை போயிருக்கும்.

என் மனைவிக்குத் தெரியும். படத்தில் இருப்பவரை எங்கள் வீட்டில் ஜப்பான் அக்கா என்போம்.

எங்கள் சிற்றூரான இக்காஸ்டில் இந்தக் கட்டடம் முன்பு பின்னலாடை ஆலையாக இருந்தது. என் அப்பா இங்கே பகல் வேலையும் இரவு வேலையும் மாறி மாறிச் செய்தவர். ஆலை மூடி, இயந்திரங்கள் வேறு நாடுகளுக்குப் போன பிறகு, சுவருக்கு வெள்ளை அடித்துக் கலைக்கூடம் என்று பெயர் வைத்தார்கள். நான் இங்கே பெடல், அதாவது கட்டடத்தைப் பார்த்துக்கொள்பவன். கதவு திறப்பது, விளக்கு மாற்றுவது, புரொஜெக்டர் மாட்டுவது எல்லாம் என் வேலை. அப்பா துணி பின்னிய மண்டபத்தில் மகன் துணியைக் கட்டித் தொங்கவிட்டு அதில் படம் காட்டுகிறான். இதை முன்னேற்றம் என்று அப்பா ஒப்புக்கொண்டிருப்பாரோ தெரியாது.

அக்கா வந்தபோது எனக்கு அவர் தொழிலில் பெரிய மதிப்பு இருக்கவில்லை. உடம்பையே கருவியாக்கி ஆட்கள் முன்னால் எதையாவது நிகழ்த்திக் காட்டும் கலைஞர்கள் அவருக்கு முன்பும் வந்திருக்கிறார்கள். ஒருவர் மண்டபம் நிறைய உருளைக்கிழங்கைக் கொட்டி அதன்மேல் படுத்துக் கிடந்தார். படுத்தது அவர், கூட்டி அள்ளியது நான். ஆகவே, ஐம்பதை நெருங்கும் வயதில், கட்டையாக வெட்டிய முடியும் மீன்பிடிக்காரர் போடும் தடித்த மழைச்சட்டையுமாக ஒரு பெண் வந்து நின்று, தன் காணொளிக்கு அகலமான திரை வேண்டும் என்றபோது, என்னத்தைக் கொட்டப் போகிறாரோ என்றுதான் முதலில் தரையைப் பார்த்தேன்.

அவர் எதையும் கொட்டவில்லை. இளம் வயதில் எஸ்பியர்க் துறைமுகத்துக்கு வந்து மீன் ஆலையில் வேலை செய்தவர், பிறகு கலை படித்தவர். அவருடைய பழைய காணொளி ஒன்றில் கிமோனோ உடுத்திக்கொண்டு ஆலைப் பெண்களோடு நின்று மீன் வெட்டுகிறார். இன்னொன்றில் மீன் ஆலையின் வெள்ளை அங்கியும் தலைவலையும் ரப்பர் சப்பாத்துமாக, ஜப்பானில் தேநீர் விருந்து நடக்கும் ஓர் அறையில் முழங்காலிட்டு இருக்கிறார். இரண்டிலும் சுற்றியிருப்பவர்களின் முகங்கள் ஒரே மாதிரி இறுகிப் போகின்றன. உடுப்பு மாறியதும் ஆட்களின் பார்வை எந்த நொடியில் மாறுகிறது என்பதைத்தான் அவர் ஆயுள் முழுவதும் படம் பிடித்துக்கொண்டிருந்தார். அதைப் பார்த்த பிறகு உருளைக்கிழங்குக்காரரோடு அவரைச் சேர்த்து எண்ணியதை விட்டுவிட்டேன்.

நாங்கள் கதைத்தது டெனிஷில். இருவருக்கும் அது இரவல் மொழி, இருவரும் இரவல் வாங்கிய சாமானைப் போலவே கவனமாகப் பாவித்தோம். ஆனால் அவர் சொன்னவை என் நினைவில் யாழ்ப்பாணத் தமிழாகவே தங்கியிருக்கின்றன. அப்படித்தான் எழுத வருகிறது.

எங்கள் ஊருக்காக அவர் செய்த வேலை இதுதான். கிமோனோவின் மேல் ஓபி என்று ஓர் அகலமான இடைப்பட்டை கட்டுவார்கள். அதைக் கட்டாமல், நுனியைக் கையில் பிடித்துக்கொண்டு இக்காஸ்ட் கடைத்தெருவில் நிற்பார். வழியில் போகிறவர்களிடம் நுனியைக் கொடுத்து, கட்டிவிடச் சொல்வார். அவர்களின் கைகளை மட்டும் நான் படம் பிடிப்பேன். இறைச்சிக்கடைக்காரர், அடுப்பில் வைக்கச் சுருட்டிய இறைச்சியைக் கட்டுவது போல இறுக்கிக் கட்டினார். ஒரு முதியவர் தொடுவதற்கு முன்னும் பின்னும் மன்னிப்புக் கேட்டார். முதியோர் இல்லத்தில் வேலை முடித்து அந்தப் பக்கமாக வந்த என் மனைவியிடமும் நுனியை நீட்டினார். அவள் கேள்வி கேட்கவில்லை. சேலைக்குக் கொய்வது போல மடித்துச் சுற்றி, உள்ளே செருகி, தன் கைப்பையில் துழாவி இரண்டு பின் எடுத்துக் குத்தியும் விட்டாள்.

“பின் குத்தாமல் என்னண்டு அக்கா நிக்கும்? நாலடி நடந்தா அவிழ்ந்து விழுந்திடும்” என்றாள் தமிழிலேயே.

நான் மொழிபெயர்த்ததும் அவர் சிரித்த சிரிப்பில் படப்பிடிப்பை நிறுத்த வேண்டி வந்தது. அன்று அக்கா என்ற சொல்லுக்குப் பொருள் கேட்டுத் தெரிந்துகொண்டார். அப்படியானால் எனக்கு என்ன சொல் என்று கேட்டு, அதன் பிறகு என்னைத் தம்பி என்றே அழைத்தார்.

மண்டபத்தில் நடக்க இருந்த நிகழ்வும் அதன் தொடர்ச்சிதான். திரையில் ஊர்க்காரரின் கைகள் ஓடிக்கொண்டிருக்கும். அக்கா பார்வையாளருக்கு முதுகு காட்டி நின்று, பட்டையின் நுனியைப் பின்னால் நீட்டிப் பிடித்திருப்பார். யாராவது எழுந்து வந்து கட்டிவிட வேண்டும். அவ்வளவுதான்.

“ஒருத்தரும் வராட்டி?” என்று ஒத்திகையில் கேட்டேன்.

“நிப்பன்.”

“எவ்வளவு நேரம்?”

“நீ கதவு பூட்டுற வரைக்கும்.”

ஒவ்வொரு தடவையும் தொடங்குமுன் கண்ணாடி முன் நின்று நெஞ்சுப் பக்கத்து மடிப்பைத் தொட்டுப் பார்ப்பார். ஏன் என்று புரொஜெக்டர் அறையில் தேநீர் குடிக்கும்போது விசாரித்தேன். கிமோனோவில் எப்போதும் இடப்பக்கத் துணிதான் மேலே வரவேண்டும் என்றார். ஆணோ பெண்ணோ குழந்தையோ, உயிரோடு இருக்கிற எல்லாருக்கும் அப்படித்தான்.

“செத்த ஆக்களுக்கு மட்டும் மாத்திப் போடுறது. வலப்பக்கம் மேல வரும். எங்கட ஊரில சின்னப் பிள்ளை மாத்திப் போட்டாலும் தாய் ஓடிவந்து கையைத் தட்டிவிடுவா.”

எனக்கு என் அப்பாவின் தகனம் நினைவுக்கு வந்தது. குறித்த நேரத்துக்குள் முடிக்க வேண்டிய டெனிஷ் சுடலை மண்டபம், அவசர அவசரமாக மந்திரம் சொன்ன குருக்கள். அதுவரை பூணூலே போட்டறியாத என் தோளில் ஒரு நூலை மாட்டி, கொஞ்ச நேரத்தில் அதை மற்றத் தோளுக்கு மாற்றிவிட்டார். இது பிதிர்களுக்கு என்றார். ஆஸ்பத்திரியில் கண் மூடியபோதும், சவப்பெட்டிக்குள் பார்த்தபோதும் எனக்கு ஏறாத விஷயம், அந்த நூல் தோள் மாறிய கணத்தில் ஏறியது. அப்பா செத்துப்போனார் என்று அப்போதுதான் விளங்கி, நின்ற இடத்திலேயே அழுதேன். இதை அக்காவிடம் சொன்னேன். அவர் கோப்பையைக் கீழே வைத்தார்.

“என்ர அப்பாவின்ர செத்தவீட்டுக்கு நான் போகேல்ல” என்றார் பிறகு. “விசா புதுப்பிக்கக் குடுத்திருந்த நேரம். வெளியில போனா திரும்பி உள்ளுக்க வரேலாது. அம்மாவுக்கு அது விளங்கேல்ல. போனில சொன்னா, வராதவள் எனக்குச் செத்தவள் எண்டு.”

“பிறகு கதைச்சவவோ?”

“கன காலத்துக்குப் பிறகு எடுத்தா. அங்க குளிரோ எண்டு கேட்டா. அதுக்குப் பிறகு நாங்கள் குளிரைப் பற்றித்தான் கதைக்கிறது. அந்தச் சொல்லை அவ திருப்பி எடுக்கேல்ல. நானும் கேக்கேல்ல.”

அந்த அம்மாதான் இப்போது, எண்பது வயதுக்கு மேல், தானாகவே கேட்டு, மகளுடைய நிகழ்வைப் பார்க்க முதன்முறையாக டென்மார்க்குக்கு வருவதாக இருந்தது. அதைச் சொல்லும்போது அக்காவின் முகத்தில் மகிழ்ச்சியைவிடப் பயம்தான் கூட இருந்தது.

தொடக்க நாள் நவம்பரில் ஒரு வெள்ளிக்கிழமை. பக்கத்து ஹெர்னிங்குக்குப் போய் ஒரு வயர் வாங்கிக்கொண்டு பிற்பகலில் ரயிலில் இக்காஸ்ட் வந்து இறங்கினேன். நிலைய மேடையில் எங்கள் கலைக்கூடத்துக்கென்று ஒரு கண்ணாடி விளம்பரப் பெட்டி இருக்கிறது, உள்ளே விளக்கு எரியும். அலுவலகத்தில் இருப்பவர் முந்தின நாள் அதில் புதுச் சுவரொட்டியை மாட்டியிருந்தார். கிமோனோவில் அக்கா, ஆளுயரப் படம். அழகாகத்தான் இருந்தது. ஆனால் என்னவோ இடித்தது. தெரிந்த முகம் தெரியாத முகம் போல இருந்தது. பிறகு கண்டேன், அக்காவின் இடக் கன்னத்து மச்சம் வலக் கன்னத்தில் இருந்தது. அடுத்த கணம் என் கண் நெஞ்சுப் பக்கத்து மடிப்புக்குப் போனது. வலப்பக்கம் மேலே.

மேடையில் நின்றபடியே அவருக்குப் போன் செய்தேன். மழைச்சட்டையின் பொத்தான்கூடப் போடாமல் சைக்கிளில் வந்தார். பெட்டிக்கு முன்னால் நின்றவர் கத்தவில்லை, அழவில்லை. கை மட்டும் தன் கழுத்தருகே போய்ச் சட்டையைப் பிடித்துக்கொண்டது. அவர் பார்த்துச் சம்மதித்த படம் சரியாகத்தான் இருந்தது. சுவரொட்டியாக்கும்போது எங்கேயோ திருப்பிவிட்டிருந்தார்கள்.

“கழட்டி விடுவம் அக்கா. வெறுமையா இருக்கட்டும்.”

“ஏலாது, தம்பி. அம்மாவுக்கு இந்த ஊர்ப் பேர் பிடிபடாது. நிலையத்தில என்ர பெரிய படம் நிக்கும், அதைக் கண்டவுடன இறங்குங்கோ எண்டு நான்தான் சொன்னனான்.”

கோபன்ஹேகனில் ஒரு ஜப்பானியக் குடும்பம் அந்த அம்மாவை ரயிலேற்றிவிட்டிருந்தது. வழியில் மாறி ஏறவும் அவர்கள் ஆள் பிடித்துக் கொடுத்திருந்தார்கள். இக்காஸ்டில் இறங்க வேண்டியது மட்டும் அவர் தனியாக. அடையாளம் இந்தப் படம். தனக்குச் செத்தவள் என்று சொல்லப்பட்ட மகள், செத்தவர்களின் உடுப்பில், விளக்கு வெளிச்சத்தில் நின்று தாயை வரவேற்கப் போகிறாள். இத்தனை ஆண்டு கழித்து மகள் கொடுக்கிற பதில் இதுதான் என்று எண்ணாமல் வேறு எதை எண்ணுவார்? அவர் ஒரு சொல்லும் கேட்காமல், நிகழ்வைப் பார்த்துவிட்டு, குளிரைப் பற்றிக் கதைத்துவிட்டுத் திரும்பிப் போய்விடுவார். அதுதான் அக்காவின் பயம், இப்போது என்னுடையதும்.

கலைக்கூடத்தின் தலைவிக்குப் போன் செய்தேன். நல்ல மனுஷி, டெனிஷ்காரி, எங்கள் மேல் அன்பு வைத்தவர். வடிவமைத்தவர்தான் படத்தைத் திருப்பியிருக்கிறார், முகம் வெளிப்பக்கம் பார்க்காமல் எழுத்தைப் பார்க்க வேண்டும் என்பதற்காக வழக்கமாகச் செய்வதுதான் என்றார். புதிதாக அச்சடிப்பது திங்கட்கிழமைக்கு முன் நடக்காது. யாருக்கும் வித்தியாசம் தெரியாது என்றார்.

ஓர் ஆளுக்குத் தெரியும் என்றேன்.

அவர் சற்று நிறுத்தினார். அதே ரயிலில்தான் கோபன்ஹேகன் விருந்தினர்களும் வருகிறார்கள், நகரசபையான கொமூனிலிருந்தும் ஆட்கள் நிலையத்துக்கு வருகிறார்கள், ஆகவே தயவுசெய்து படத்தில் கை வைக்காதே என்றார். தயவுசெய்து என்ற சொல் டெனிஷில் அவ்வளவு இலகுவாக வராது. வந்தால் அது உத்தரவு.

பெட்டியின் திறப்பு என் சாவிக்கொத்தில் இருந்தது. அக்கா என்னைப் பார்க்கவில்லை, தண்டவாளத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். வேலைக்கு உலை வைக்கிறேன் என்று தெரிந்துதான் திறந்தேன். என்ன செய்யப் போகிறேன் என்று மட்டும் தெரியவில்லை. பிடிகளைக் கழற்றியதும் காற்று தாளைப் பிடுங்கியது. நான் மேல் மூலைகளை விடாமல் இழுக்க, தாள் சுழன்று புரண்டு, அச்சடித்த பக்கம் உள்ளே போக விளக்கோடு ஒட்டி அடித்தது. நவம்பர் மாதம், நான்கு மணிக்கே இருட்டிக்கொண்டு வந்தது. உள் வெளிச்சத்தில் படம் தாளை ஊடுருவி இந்தப் பக்கம் தெரிந்தது. நிறம் கொஞ்சம் மங்கல். ஆனால் மச்சம் இடக் கன்னத்தில். இடப்பக்கத் துணி மேலே.

இருவரும் ஒரே நேரத்தில்தான் கண்டோம்.

“அப்பிடியே விடு, தம்பி.”

“எழுத்தெல்லாம் மறுபக்கமா நிக்குது.”

“எழுத்து கொமூனுக்கு. மடிப்பு அம்மாவுக்கு.”

தாளைத் திருப்பியபடியே பிடிகளை மாட்டிப் பெட்டியைப் பூட்டினேன். அக்காவின் பெயர், கலைக்கூடத்தின் பெயர், கீழே பொடி எழுத்தில் ஆதரவாளர்களின் பெயர்கள் எல்லாம் கண்ணாடியில் தெரிவது போல இடம் வலமாக நின்றன. பூட்டி முடிக்கவும் தலைவி பூங்கொத்தோடு மேடைக்கு வரவும் சரியாக இருந்தது. பெட்டியைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். டெனிஷ்காரருக்குக் கோபம் வந்தால் குரல் தாழும்.

“பிறகு கதைப்போம்” என்றார், அருகிலிருந்த எனக்கு மட்டும் கேட்கும் அளவுக்கு மெல்ல.

ரயில் வந்தது. கதவு திறந்ததும் முதலில் இறங்கியது அந்த அம்மாதான். சிறிய உருவம், மண்ணிற மேலங்கி, சில்லு வைத்த பெட்டி. மகள் குனிந்து வணங்கினார். தாயும் குனிந்தார். இருவருக்கும் நடுவில் இன்னொரு ஆள் படுக்கும் அளவுக்கு இடைவெளி இருந்தது. எங்கள் ஆட்களாக இருந்தால் அந்த நேரத்துக்குள் ஒருவர் தோளில் ஒருவர் விழுந்து நிலையமே திரும்பிப் பார்த்திருக்கும். இங்கே ஒன்றும் நடக்கவில்லை. பிறகு தாய் கண்ணாடிப் பெட்டியிடம் நடந்தார். மூக்குக்கண்ணாடியை எடுத்துப் போட்டார். படத்தை மேலிருந்து கீழாகப் பார்த்தார்.

அக்காவும் நானும் ஒன்றை மறந்திருந்தோம். டெனிஷ் தெரியாவிட்டாலும் ஆங்கில எழுத்துத் தெரியாத ஜப்பானியர் இல்லை. அந்த அம்மா விரலைத் தூக்கி, இடம் வலம் மாறி நின்ற மகளின் பெயரை ஒவ்வோர் எழுத்தாகக் காற்றில் தடவிப் பார்த்தார். விரல் நின்றது. தாளின் ஓரத்தைப் பார்த்தார், மறுபடி மடிப்பைப் பார்த்தார். மறுபக்கத்தில் மடிப்பு எப்படி இருக்கும், தாளை ஏன் திருப்பினோம், எல்லாம் அவருக்கு விளங்கிக்கொண்டு வருவது எனக்கே தெரிந்தது. மகளின் பக்கம் திரும்பி ஜப்பானிய மொழியில் ஏதோ ஒரு வசனம் சொன்னார். அக்கா தலையைக் குனிந்துகொண்டார். அவ்வளவுதான். பயணப்பெட்டியை இழுத்துக்கொண்டு நடந்தார்கள். என்ன சொன்னார் என்று கேட்க எனக்கு உரிமையும் இல்லை, துணிவும் இல்லை.

மாலை நிகழ்வில் மண்டபம் நிறைந்திருந்தது. திரையில் கைகள் ஓடின, என் மனைவியின் கைகளும் இரண்டு பின்னோடு வந்து போயின. அக்கா முதுகு காட்டி நின்று பட்டையின் நுனியைப் பின்னால் நீட்டினார். யாரும் எழவில்லை. தெருவில் அத்தனை பேர் கட்டிவிட்ட ஊர், நாற்காலியில் உட்காரவைத்ததும் கல்லாகிவிட்டது. ஒருவர் இருமினார். நீட்டிய கை கொஞ்சம் தாழ்ந்தது, மறுபடி உயர்ந்தது. என் பக்கத்தில் இருந்த மனைவி, “நான் போகட்டே?” என்று காதுக்குள் கேட்டாள். பொறு என்றேன். முன்வரிசையில் அந்த அம்மா கைகளை மடியில் வைத்தபடி அசையாமல் இருந்தார். அவருடைய பின்தலையைத் தவிர வேறெதையும் என்னால் பார்க்க முடியவில்லை.

பிறகு அவர் எழுந்தார். நுனியை வாங்கவில்லை. சுற்றிக்கொண்டு மகளின் முன்னால் போய் நின்றார். கையை நீட்டி நெஞ்சுப் பக்கத்து மடிப்பைத் தொட்டார். இடப்பக்கத் துணியின் ஓரத்தை விரலால் கழுத்திலிருந்து இடைவரை நீவிவிட்டு, மேலேதான் இருக்கிறது என்று உறுதி செய்துகொண்டது போல உள்ளங்கையால் ஒருமுறை அழுத்தினார். அதன் பிறகுதான் பின்னால் வந்து பட்டையைக் கட்டினார். முதுமைக்கு இல்லாத பலத்தோடு இழுத்துக் கட்டினார், அக்கா ஓர் அடி தடுமாறினார். கோபன்ஹேகன் விருந்தினர்கள் அதையும் ஒத்திகை பார்த்தது என்று நினைத்து எழுந்து நின்று கைதட்டினார்கள். என் மனைவி சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தாள். நான் விளக்கைக் கூட்ட மறந்துபோனேன்.

சாமான்களைக் கட்டும்போது அக்காவே வந்து சொன்னார், நான் கேட்காமலே. நிலையத்தில் அந்த அம்மா சொன்னது இதுதான்: “நான் அண்டைக்குச் சொன்னதை நீ இவ்வளவு காலமும் வைச்சிருந்தனியோ?”

தலைவி மறுநாள் என்னைக் கூப்பிட்டார். விருந்தினர்கள் மறுபக்க எழுத்தோடு நின்ற சுவரொட்டியைப் படம் எடுத்து, எவ்வளவு ஆழமான சிந்தனை என்று வியந்தார்களாம். அதைச் சொல்லும்போது அவருக்கே சிரிப்பு வந்துவிட்டது. என் வேலை தப்பியது. திங்கட்கிழமை சரியான தாள் வந்தது, பழையதைக் கழற்றிச் சுருட்டிப் பொருளறைக்குக் கொண்டுவந்தேன்.

அடுத்த ஆண்டு அக்கா தாயைப் பார்த்துக்கொள்ள ஜப்பானுக்குப் போய்விட்டார். வருஷப் பிறப்புக்கு மனைவிக்குப் போன் எடுப்பார், தமிழில் அக்கா, தம்பி தவிர நல்லம் என்ற சொல்லும் சேர்ந்திருந்தது. நிலையத்தில் இப்போது கண்ணாடிப் பெட்டி இல்லை. மின்திரை வைத்திருக்கிறார்கள். அலுவலகத்திலிருந்தே படம் மாற்றலாம், நான் போகத் தேவையில்லை. அதைத் திருப்பி மாட்டவும் முடியாது.

போன வாரம் அக்கா என் போனுக்கு எடுத்தார். அம்மா போய்விட்டார் என்றார். குரல் சாதாரணமாகத்தான் இருந்தது. உடுத்திவிட ஆட்கள் வந்தார்களாம், வேண்டாம் என்று தானே உடுத்தினாராம்.

“கை தன்ர பாட்டில இடப்பக்கத்தை எடுத்து மேல போட்டிட்டுது, தம்பி. மடிப்பை நீவியும் விட்டிட்டன். பிறகு அவிழ்த்து மாத்திப் போட்டன்.”

என் தோளில் அந்த நூல் இடம் மாறியது திரும்ப உறைத்தது. அங்கே குளிரோ என்று கேட்டேன். ஓம், நல்ல குளிர் என்றார். இருவரும் கொஞ்ச நேரம் குளிரைப் பற்றிக் கதைத்தோம்.

போனை வைத்துவிட்டுப் பொருளறைக்குப் போனேன். மஞ்சள் நாடாவைப் பிரித்து, சுருளை விரித்து, அச்சடித்த பக்கம் கண்ணாடியைப் பார்க்க ஜன்னலில் வைத்துப் பிடித்தேன். தாள் பழுத்திருந்தது. ஆனாலும் பகல் வெளிச்சம் ஊடுருவியது. மச்சம் இடக் கன்னத்தில் வந்தது, இடப்பக்கத் துணி மேலே வந்தது. இரண்டு கையையும் உயர்த்திப் பிடித்தபடி நான் அப்படியே நின்றுவிட்டேன் போலிருக்கிறது. புதிதாகச் சேர்ந்த ஒருவர் கதவைத் திறந்து, அது என்ன என்று கேட்டார்.

எனக்குத் தேவை என்றேன்.